புற்றில்லா வாய்க் கேடயம்

வாவிக்கரை வாய்ச் சுகாதார நிலையத்துக்குள் போவதென்றால் ஒரு வாய்க்குள் நுழைந்துதான் போகவேண்டும். வாசலை அப்படித்தான் கட்டியிருக்கிறார்கள். மேலே ஒரு சிவப்பு உதடு, கீழே ஒரு சிவப்பு உதடு, இரண்டுக்கும் நடுவே சீமெந்துப் பற்கள். கட்டிய கொந்தராத்துக்காரர் இடம் மிச்சமிருக்கிறதென்று இரண்டு பல்லை அதிகமாக வைத்துவிட்டார். திறப்பு விழாவன்று ஏழெட்டுப் பல் வைத்தியர்கள் அந்த வாசலில் வரிசையாக நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். ஒருவரும் எண்ணிப் பார்க்கவில்லை. எண்ணிப் பார்த்தவர் அழகரத்தினம்தான். அங்கே காத்திருந்த காலத்தில் அவருக்கு வேறு வேலை இருக்கவில்லை.

அழகரத்தினம் ஆரையம்பதிக்காரர். வாவிக்கரையில் மீன் ஏலம் கூறுகிறவர். விடியற்கருக்கலில் தோணிகள் கரைக்கு வர, கொடுவாயையும் மணலையையும் இறாலையும் குவித்துவைத்து அவர் குரல் எழுப்பினால் வீதியில் போகிற பஸ்காரனும் விலையைத் தெரிந்துகொண்டு போவான். தொண்டை காயாமலிருக்கவும் நித்திரை அண்டாமலிருக்கவும் வலது கன்னத்தில் எப்போதும் ஒரு வாய் வெற்றிலை, புகையிலையோடு. மீசை அரும்பிய காலத்தில் தொடங்கிய பழக்கம் அது. கரையில் அதை யாரும் பழக்கமென்றும் சொல்வதில்லை. சாரம் உடுத்துகிற மாதிரி அதுவும் ஒன்று.

முதலில் மிளகாய் எரிந்தது. பிறகு சோற்று உருண்டை சிறுத்தது. பிறகு கடைவாய்க்குப் பின்னால் ஒரு புண் வந்தது, போகவில்லை. அதற்கும் பிறகு வாய் கதவு இறுகினாற்போல இறுகத் தொடங்கியது. ஏலத்தில் குரல் பல்லிடுக்கால் வந்தது. வியாபாரிகள் முகம் சுளித்தார்கள். மனைவி நேசம்மாதான் அவரைப் பிடித்துத் தள்ளினாள்.

“மற்றாக்களுக்கு வயல் வட்டையிருக்கு, தோணியிருக்கு. உங்களுக்கு எல்லாம் இந்த வாய்தான். போய்க் காட்டுங்க.”

அவர் காட்டத்தான் போனார். முப்பத்துநான்கு சீமெந்துப் பற்களையும் கடந்து உள்ளே போனதும் பதிவு மேசையில் இருந்தவன் எழுதுவினைஞன் சிவதர்ஷன். நல்ல பிள்ளை. ஆனால் கொடுத்த சட்டத்தைக் குழந்தையைப்போல நெஞ்சோடு அணைத்து வைத்திருப்பவன்.

“வாயைத் திறங்க ஐயா. மூணு விரல் போகணும்.”

“ஒரு விரலே போகுதில்ல தம்பி.”

“அப்ப நீங்க இன்னும் நோயாளியில்ல. நோயாளியெண்டு பதியிறதெண்டா வாய் பாத்திருக்கணும். பாக்கிறதெண்டா திறந்திருக்கணும்.”

“திறக்காததுதானே என்ட வருத்தம்.”

“அது வருத்தமா இல்லையா எண்டு உள்ளுக்குப் பாத்துத்தான் ஐயா சொல்ல ஏலும்.”

அழகரத்தினத்துக்கு அந்த நியாயத்தில் எங்கேயோ ஓட்டை இருப்பது தெரிந்தது. அதை எடுத்துச் சொல்ல வாய் திறக்கவில்லை. சிவதர்ஷன் இரக்கப்பட்டு, வாய் திறக்கும்வரை அவரைத் தாடைப் பயிற்சிப் பிரிவுக்கு அனுப்பினான்.

தாடைப் பயிற்சி என்பது ஒன்றும் பெரிய வித்தையில்லை. ஐஸ்பழக் குச்சிகளை ஒன்றன்மேல் ஒன்றாகப் பல்லுக்கிடையில் செருகி, நாளுக்கு நாள் கூட்டிக்கொண்டு போவது. உலகமெங்கும் செய்கிறார்களாம். ஆனால் நிலையத்தில் குச்சியில்லை. குச்சிக்குக் கேள்விப்பத்திரம் கோரியிருந்தார்கள். ஆகக் குறைந்த விலை போட்டவர் பட்டம் கட்டுகிற ஈர்க்கில் அனுப்பியிருந்தார். அதை ஏற்பதா திருப்புவதா என்று ஆராய ஒரு குழு போட்டார்கள்; குழுவின் தேநீர்ச் செலவு குச்சிச் செலவை எப்போதோ தாண்டிவிட்டது.

அழகரத்தினம் பொறுத்துப் பார்த்துவிட்டு, கடையில் ஒரு பெட்டி ஐஸ்பழம் வாங்கி அயல்வீட்டுப் பிள்ளைகளுக்குக் கொடுத்து, குச்சிகளைக் கழுவிக் காயவைத்துக் கொண்டுபோனார். பயிற்சி அலுவலர் திடுக்கிட்டுப் போனார்.

“அரசாங்கப் பயிற்சிக்குத் தனியார் குச்சி பாவிக்க ஏலாதுங்க. அன்பளிப்பெண்டு தந்தா எடுக்கலாம்.”

அன்பளிப்பென்றால் சும்மா வாங்கிப் போட முடியுமா? மறுநாள் குச்சி கையளிப்பு வைபவம் நடந்தது. மங்கல விளக்கேற்றினார்கள். நன்றியுரை சொன்னார்கள். அழகரத்தினம் ஒரு கட்டுக் குச்சியை நீட்ட, அதை நாலுபேர் சேர்ந்து ஒரு பக்கமாகப் பிடித்துக்கொண்டு நிற்கிற படம் நிலையத்தின் முகநூலில் வந்தது. “கொடைவள்ளல்” என்று கீழே எழுதியிருந்தது. அதன்பிறகுதான் அலுவலர் முதல் குச்சியைச் செருகுவதற்கு அவருடைய கன்னத்தைத் தொட்டார். தொட்ட கையை அப்படியே எடுத்துக்கொண்டார்.

“இது கல்லு மாதிரிக் கிடக்கு. இது தசையோ வேற எதுவுமோ எண்டு தெரியாம நான் நெம்ப மாட்டன்.”

“தெரியிறதுக்கு என்ன செய்யணும்?”

“வாயைத் திறந்து பாக்கணும்.”

இப்படி அவர் குச்சிக்கும் பதிவு மேசைக்குமாக நடந்து திரிந்த நாட்களில்தான் டொக்டர் அம்னா அவரைக் கண்டாள். காத்தான்குடிப் பிள்ளை. நிலையத்துக்குப் புதிதாக வந்த பல் வைத்தியர். வாகை மரத்தடியில் ஒரு மனிதர் தேநீரைக் கரண்டியால் அள்ளிக் கடைவாய் இடுக்கால் ஊற்றிக்கொண்டிருப்பதைப் பார்த்து, பதிவையும் கேட்காமல் விரலையும் அளக்காமல் அவரை யன்னலோரம் கூட்டிப்போய் இருத்தினாள். உதட்டை ஒதுக்கி, இருந்த இடுக்கால் சின்ன விளக்கைப் பிடித்தாள். தாடையை வெளியாலே அழுத்திப் பார்த்தாள். கழுத்தைத் தடவிப் பார்த்தாள். அவள் முகம் மாறியதை அவர் கவனித்தார். ஏலக்காரருக்கு முகம் பார்க்கத் தெரியாமலிருக்குமா?

“ஒளிக்காமச் சொல்லுங்க மகள்.”

“கன்னத்துக்குப் பின்னால இரிக்கிற புண் நல்ல புண்ணில்ல ஐயா. மெல்லுற தசைக்குள்ள இறங்குற மாதிரி இரிக்கி. அதாலதான் வாய் இறுகுது. பெரியாஸ்பத்திரியில மயக்கி ஒரு துண்டு எடுத்துப் பாக்கணும். சுணங்கக்கூடாது.”

“புத்துநோயா?”

“துண்டு எடுத்தாத்தான் உறுதி. ஆனா நீங்க என்ட வாப்பாவா இருந்தா இண்டைக்கே கூட்டிப்போயிருப்பன்.”

அழகரத்தினத்துக்குப் பயம் வந்தது. அதுவரை எரிச்சல்தான் இருந்தது, இப்போது உண்மையான பயம் வந்தது. சாவைவிட அவர் முதலில் நினைத்தது, நேசம்மாவுக்கு இதை எப்படிச் சொல்வது என்றுதான்.

பெரியாஸ்பத்திரிக்குப் போக அம்னாவின் கடிதம் மட்டும் போதாது. பணிப்பாளரின் ஒப்பமும் வேண்டும். பணிப்பாளர் டொக்டர் தவராசலிங்கம் பல்லைப் பார்த்துப் பதினைந்து வருடமாகியிருக்கும். கூட்டங்களைப் பார்ப்பதில் மட்டும் அவர் ஒருநாளும் தவறியதில்லை. அவருடைய மேசைக்குப் பின்னால் சுவரில் ஓர் ஆணி அடிக்கப்பட்டு வெறுமனே இருந்தது. அவர் கடிதத்தை வாசித்துவிட்டு, பொல்லாத செய்தி கேட்டவரைப்போல ஆணியைத் திரும்பிப் பார்த்தார்.

“டொக்டர், நீங்க புதுசு. இந்த ஆணி என்னத்துக்கெண்டு தெரியுமா? புற்றில்லா வாய்க் கேடயத்துக்கு. எந்த நிலையத்தில ஆகக் குறைய புற்றுநோய் பதிவாகுதோ அங்க வரும். போன வருசம் எங்கட ஆக்கள் பொறுப்பில்லாமப் பதினொரு பேரைக் கண்டுபிடிச்சுப்போட்டாங்க. கேடயம் கைநழுவிப் போயிற்று. இந்த வருசம் எவ்வளவு கஸ்டப்பட்டு ஒண்டும் இல்லாம வச்சிருக்கம்.”

“பாக்காததாலதான் சேர் ஒண்டுமில்ல.”

“பாக்காம இருக்கிறதும் ஒரு நிர்வாகம்தான் டொக்டர்.”

“சேர், இவருக்கு நாள் போகப் போகத் தசை முழுக்கப் புடிச்சிரும்.”

“நான் மாட்டனெண்டு சொல்லல்லையே. கேடய விழா முடிஞ்ச அடுத்த நிமிசம் முதல் ஒப்பம் இவருக்குத்தான்.”

“விழா எப்ப சேர்?”

“பிரதம அதிதி திகதி தந்தவுடன.”

பிறகுதான் அவர் அழகரத்தினத்தைப் பார்த்தார்.

“வெத்திலை போடுறதா?”

“இப்ப இல்ல ஐயா.”

“எப்ப விட்டது?”

“வாய்க்குள்ள போகாம விட்டதில இருந்து.”

பணிப்பாளரின் முகத்தில் வெளிச்சம் பரவியது. நிலையத்துக்கு வந்தபிறகு ஒரு வாய் வெற்றிலைகூடப் போடாத ஒரே மனிதர் அவர் முன்னால் நின்றுகொண்டிருந்தார். அந்த வாரமே மெயின் றோட்டுக் கம்பங்களில் அழகரத்தினத்தின் படம் தொங்கியது. “வாய் காத்த வீரர்.” படத்தில் அவர் உதட்டை இறுக மூடிக்கொண்டிருந்தது மிகக் கம்பீரமாக இருந்ததென்று பார்த்தவர்கள் சொன்னார்கள்.

வீட்டில் நேசம்மா அழுதாள். அழுது முடித்துவிட்டுக் கோபப்பட்டாள்.

“சாமி வரம் குடுத்தாலும் பூசாரி குடுக்கான் எண்டுறது இதுதான். வாங்க, நேரே பெரியாஸ்பத்திரிக்குப் போவம்.”

போனார்கள். அங்கே மிகுந்த மரியாதையோடு திருப்பி அனுப்பினார்கள். வாய் சம்பந்தமானதெல்லாம் வாய் நிலையத்தின் ஒப்பத்தோடு வரவேண்டுமாம். அம்னா தொலைபேசியில் யார் யாரையோ கெஞ்சிப் பார்த்தாள். எல்லோரும் அவளுடைய அக்கறையைப் பாராட்டினார்கள்.

கடிதம் எழுதியது வைகாசியில், கண்ணகை அம்மன் சடங்கு நடந்த கிழமை. ஆனியில் பிரதம அதிதி வெளிநாடு போனார். ஆடியில் அவருக்கு நாள் சரியில்லை. அழகரத்தினத்தின் தாடைக்கு வெளியே வீக்கம் தெரியத் தொடங்கியது. சோறு கஞ்சியாகி, கஞ்சி கஞ்சித்தண்ணியாகியது. கரையில் இப்போது வேறொருவர் ஏலம் கூறினார். அழகரத்தினம் ஒருநாள் போய்க் கேட்டுவிட்டு வந்து, வேலிப்பக்கம் திரும்பி நின்று கண்ணைத் துடைத்தார். நேசம்மா காணாததுபோல இருந்துவிட்டாள்.

ஆவணி பிறக்க விழாவும் வந்தது.

விழாவுக்கு ஆயிரம் கைக்கண்ணாடி வாங்கியிருந்தார்கள். குச்சிக்கு இல்லாத காசு கண்ணாடிக்கு எங்கிருந்து வந்ததென்று கேட்கக்கூடாது. அது வேறு தலைப்பில் வரும் காசு. ஆயிரம் பேர் ஒரே நேரத்தில் வாயைத் திறந்து தங்கள் வாயைத் தாங்களே பார்ப்பார்கள். மேடையில் ஒரு பெரிய திரை. மேடைக்குப் பின்னால் வெற்றிலையின் தீமைகள் பற்றிய பதாகை. அதற்கு முன்னால், பளபளவென்று துலக்கிய பித்தளை வட்டாவில் வெற்றிலை, சீவிய பாக்கு, சுண்ணாம்பு, புகையிலை.

அம்னா அதைப் பார்த்துவிட்டுப் பணிப்பாளரிடம் போனாள்.

“சேர், இண்டைக்குமா வெத்திலை?”

“டொக்டர், அது வெத்திலையில்ல. அது மரியாதை.”

பிரதம அதிதி கொழும்பிலிருந்து கேடயத்தோடு வந்து இறங்கினார். வாய் காத்த வீரர்தான் வட்டாவை ஏந்திப்போய் அவரை வரவேற்கவேண்டுமென்று ஏற்பாடு. அழகரத்தினம் ஏந்திப்போனார். பிரதம அதிதி வட்டாவைப் பார்த்தார், பதாகையைப் பார்த்தார், இரண்டு கையையும் கூப்பினார்.

“மன்னிக்கவேணும், நான் போடுறதில்ல.”

கூட்டத்தில் முன்வரிசைப் பெரியவர்கள் முணுமுணுத்தார்கள். இந்தப் பக்கத்தில் வட்டா வைத்தால் ஒரு வெற்றிலையாவது எடுத்து வாயில் போடவேண்டும். வைத்த வட்டா தொடாமல் திரும்பினால் அது வீட்டுக்கே அவமானம். அதற்காகத் தலைமுறைக்கணக்காக முகம் பார்க்காத குடும்பங்கள் இருக்கின்றன. நிலையத்தின் மானம் அழகரத்தினத்தின் கையில் ஆடிக்கொண்டு நின்றது. பணிப்பாளர் விட்டுவிடுவாரா? சட்டென்று முன்னே வந்து, “அதிதி சார்பில நான் எடுக்கிறன்” என்று வெற்றிலையை எடுத்தார். காம்பைக் கிள்ளினார், முதுகில் சுண்ணாம்பை ஒரே இழுவையில் தடவினார், பாக்கும் புகையிலையும் வைத்து மடித்துக் கன்னத்தில் ஒதுக்கினார். அந்த இழுவையைப் பார்த்ததும் அழகரத்தினத்துக்கு விளங்கிவிட்டது. புதிய கைக்கு அந்த லாவகம் வராது.

வெற்றிலைக் கன்னத்தோடேயே பணிப்பாளர் பேசினார்.

“பெருமதிப்புக்குரிய பிரதம அதிதி அவர்களே! இந்த வருடம் எமது நிலையம் ஒரு புற்றுநோயைக்கூடக் கண்டுபிடிக்கவில்லை என்பதைப் பணிவோடு அறியத்தருகிறேன். இது தானாக வந்த வெற்றியல்ல. எத்தனையோ பேர் நோயோடு வந்தார்கள். எமது ஊழியர்கள் மனம் தளராமல் அவர்களைத் திருப்பி அனுப்பினார்கள். நோய் இயற்கையாக வருகிறது. அதைப் பதிவது மனிதர்கள். மனிதர்களைத் திருத்தினால் புள்ளிவிபரம் தானாகத் திருந்தும். அடுத்த வருடம் நோயாளிகளே இல்லாத வைத்தியசாலை என்ற இலக்கை அடைவோம்.”

கைதட்டல் எழுந்தது. பிரதம அதிதி கேடயத்தை மடியிலிருந்து மேசைக்கு மாற்றினார்.

பிறகு கண்ணாடி. சிவதர்ஷன் ஒலிவாங்கியில் அறிவித்தான். “முதலில் பணிப்பாளர் அவர்கள் செய்துகாட்டுவார். அனைவரும் திரையைப் பார்க்கவும்.” கமெராக்காரன் கிட்டப் போனான். பணிப்பாளர் வாயை அகலத் திறந்தார். மூன்று விரல் தாராளமாகப் போகும். திரை முழுக்கச் சிவப்பாக இருந்தது. ஒன்றும் தெரியவில்லை.

“கொப்புளிச்சிட்டுக் காட்டுங்க,” என்றார் பிரதம அதிதி. மேலிடத்து உத்தரவு. பணிப்பாளர் கொப்புளித்தார், மறுபடி திறந்தார். சிவப்பு வடிந்த இடத்தில், இடது கன்னத்தின் உட்பக்கம், கைவிரல் நகமளவில் ஒரு வெள்ளைத் திட்டு. ஓரமெல்லாம் செந்நிறமாகக் கரடுமுரடாக இருந்தது. சபை அதையும் செயல்விளக்கமென்று நினைத்துக் கைதட்டியது. அம்னா தட்டவில்லை. மேடையேறிப் போய் அவர் காதோரம் ஏதோ சொன்னாள். பணிப்பாளர் கையிலிருந்த கண்ணாடியில் தன் வாயைத் தானே பார்த்தார். ஆயிரம் கண்ணாடியில் அன்றைக்கு உண்மையாகப் பார்க்கப்பட்டது அந்த ஒன்றுதான்.

பிரதம அதிதி கேடயத்தை மெல்ல மேசையிலிருந்து திரும்ப மடிக்கு எடுத்துக்கொண்டார்.

மேடைக்குப் பின்னாலிருந்த அறையில் டொக்டர் தவராசலிங்கம் கதிரையில் இருந்தார். வேர்த்திருந்தது. தண்ணீர் கொண்டுபோன அழகரத்தினத்தை, அவர் யாரென்றே நினைவில்லாதவர்போல நிமிர்ந்து பார்த்தார்.

“எனக்கு நோகுதில்லையே. நோகாட்டி ஒண்டுமில்லைத்தானே?”

“எனக்கும் முதல்ல நோகல்ல ஐயா.”

பணிப்பாளர் அம்னாவின் பக்கம் திரும்பினார். “கடிதம் எழுதுங்க. இப்பவே. அம்புலன்ஸை எடுக்கச் சொல்லுங்க.”

பதிவில்லை, விரல் அளவில்லை, குச்சியில்லை. அம்னா எழுதினாள். அனுப்பப்படுபவர் தவராசலிங்கம், அனுமதிப்பவர் தவராசலிங்கம். அவர் தன்னைத் தானே அனுமதித்து ஒப்பம் வைத்தார். ஒரு நிலையம் எவ்வளவு வேகமாக வேலை செய்யக்கூடியதென்று அழகரத்தினம் அன்றைக்குத்தான் கண்டார். அவருக்குக் கோபம் வந்தது. ஆனாலும் அந்த மனிதர் தன் பெயருக்குக் கீழே தானே ஒப்பம் வைப்பதைப் பார்க்கப் பாவமாகவும் இருந்தது.

அம்னா தன் கைப்பையைத் திறந்து, வைகாசியில் எழுதிய கடிதத்தை எடுத்து அழகரத்தினத்திடம் கொடுத்தாள். மடிப்பில் கிழியத் தொடங்கியிருந்தது. அவர் அதை மேசையில் விரித்து வைத்தார்.

“பேனையை மூடாதேங்க ஐயா. இதையும் போடுங்க. இனிக் கேடயக் கணக்குக் கெட்டதுதானே.”

பணிப்பாளர் கடிதத்தைப் பார்த்தார். திகதியைப் பார்த்தார். ஒப்பம் வைத்தார்.

அம்புலன்ஸ் வாசலால் வெளியேறும்போது சிவதர்ஷனின் குரல் ஒலிபெருக்கியில் கேட்டது. “பணிப்பாளர் அவர்கள் அவசரக் கூட்டமொன்றுக்குச் சென்றுள்ளார். நிகழ்வுகள் தொடரும். தயவுசெய்து யாரும் வாயை மூடவேண்டாம்.”

வண்டிக்குள் இரண்டு பேரும் எதிரெதிரே இருந்தார்கள். அழகரத்தினத்தின் பக்கத்தில், விழாவுக்குக் கூடவந்திருந்த நேசம்மா அவருடைய சட்டை நுனியைப் பிடித்தபடி இருந்தாள். முன்னாசனத்தில் அம்னா பெரியாஸ்பத்திரியோடு தொலைபேசியில் கதைத்துவிட்டுத் திரும்பினாள்.

“சேர், உங்கடதைத் துண்டெடுத்துத்தான் சொல்லலாம். ஆனா மேலாலதான் இரிக்கிற மாதிரித் தெரியுது. வெட்டி எடுத்தா சுகப்படலாம்.”

டொக்டர் தவராசலிங்கம் நீண்ட மூச்சு விட்டார். மரக்குற்றிபோல விறைத்திருந்த உடம்பு தளர்ந்தது. முகத்தில் இரத்தம் திரும்பிவந்தது. யாரிடமாவது சொல்லவேண்டும்போல இருந்திருக்கவேண்டும், எதிரே இருந்தவரிடம் சொன்னார்.

“நல்ல காலம். நேரத்தோட கண்டாச்சு. ஒரு மூணு மாசம் பிந்தியிருந்தா...”



அழகரத்தினம் முன்னால் குனிந்தார். அவருக்கு உண்மையாகவே தெரியவேண்டியிருந்தது. யாரும் இதுவரை அவருக்கு அதைச் சொல்லவில்லை.

“சொல்லுங்க ஐயா. மூணு மாசம் பிந்தினா என்ன?”

வண்டி கல்லடிப் பாலத்தில் ஏற, டொக்டர் தவராசலிங்கம் அழகரத்தினத்தின் கையிலிருந்த வைகாசிக் கடிதத்தைப் பார்த்துவிட்டு வெளியே வாவியின் பக்கம் திரும்பினார்.